மேற்கு மூலையில் ஒரு பூசணிக்குழி

அவளுக்கு அப்பா அம்மா வைத்த பெயர் ஏதோ ஒன்று இருக்கிறது. வங்கிப் புத்தகத்தில் அது பத்திரமாகத் தூங்குகிறது. ஊரில் அவள் பெயர் பம்பரம். வயது ஐம்பத்தாறு. இத்தனை வருஷத்தில் அவள் ஓர் இடத்தில் பத்து நிமிஷம் சேர்ந்தாற்போல் உட்கார்ந்ததைப் பார்த்தவர்கள் யாராவது இருந்தால் கை தூக்கலாம். சாப்பாடு நின்றுகொண்டே. போன் பேசுவது நடந்துகொண்டே. பிரசவத்துக்கு ஆஸ்பத்திரியில் சேர்த்தபோதுகூட, அந்த அறையைச் சுற்றிச் சுற்றி வந்து பக்கத்துக் கட்டில்காரிகளின் தலையணைகளையெல்லாம் தட்டிப் போட்டுவிட்டுத்தான் தன் வலியைக் கவனித்தாளாம். இதைச் சொல்வது அவள் புருஷன். அவர் சொல்வதில் பாதியைத் தள்ளிவிடலாம். மீதி உண்மைதான்.

அந்தப் புருஷனுக்கு ஊரில் டேங்க் என்று பெயர். ஒரு காலத்தில் முதுகில் தெளிப்பு டேங்கைக் கட்டிக்கொண்டு ஊரிலுள்ள நிலம் அத்தனைக்கும் மருந்து அடித்தவர். யார் வயலில் பூச்சி விழுந்தாலும் முதலில் ஆள் ஓடுவது அவரைத் தேடித்தான். கையுறை கிடையாது, முகமூடி கிடையாது. காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று தெரிந்துகொள்ள நாக்கை நீட்டிப் பார்ப்பாராம். அதை இப்போதும் பெருமையாகத்தான் சொல்கிறார். இப்போது இரண்டு கையும் நடுங்குகின்றன. டீ டம்ளரை வாயருகே கொண்டு போவதற்குள் பாதி சட்டைக்குப் போய்விடும். "சட்டைக்கும் தாகம் எடுக்குமில்ல," என்பார்.

நடுக்கம் ஆரம்பித்துப் பதினெட்டு வருஷம் ஆகிறது. "இத்தனை நாளா என்ன வேலை பாத்தீங்க?" என்று டாக்டர் கேட்ட அன்றைக்கே, பம்பரம் வீட்டுக்கு வந்து அந்த டேங்கைத் தூக்கிக் கல்லில் அடித்து நசுக்கிப் பழைய இரும்புக்காரனிடம் போட்டுவிட்டாள். அதற்கப்புறம் அவர்கள் நிலத்தில் ஒரு சொட்டு மருந்து விழுந்ததில்லை.

நிலம் ஒன்றரை ஏக்கர். கிழக்குக் கோடியில் வீடு. வீட்டை ஒட்டிக் கிணறு, மோட்டார் அறை. அங்கிருந்து நீளமாக மேற்கே போய், பக்கத்து நிலத்துக்காரரான டிராக்டர்காரரின் வேலியில் முட்டி நிற்கும். கத்தரி, வெண்டை, அவரை, மிளகாய் என்று பாத்தி பாத்தியாகப் போட்டிருப்பாள். கிணற்றோரம் நாலைந்து பூசணிக் கொடி உண்டு. ஆனால் அவளுக்குப் பேர் வாங்கிக் கொடுத்த மஞ்சள் பூசணி விளைவது மேற்கு மூலையில். அங்கே மண் அப்படி. விரலை விட்டால் உள்ளே போகும். அந்தக் குழியில் விழுந்த விதை ஏமாற்றியதே இல்லை.

மார்க்கெட்டில் அவள் கடைக்கு மேல் ஒரு பலகை தொங்கும். 'பதினெட்டு வருஷமாக மருந்து அடிக்காத காய்.' வருஷம் பிறந்தால் அந்த எண்ணை அவளே பெயிண்ட் டப்பாவோடு ஏறி மாற்றி எழுதுவாள். சும்மா எழுதிவிட்டு இறங்குகிற ஆளா? எதிர்க்கடைக் கத்தரிக்காய்க்காரரைப் பார்த்து, "உங்க கத்தரிக்காயை ஒரு புழுகூட வாய் வைக்கலை, அதைப் போய் மனுஷனுக்கு விக்கிறீங்களே," என்று கேட்டுவிட்டுத்தான் இறங்குவாள். இப்படி வருஷத்துக்கு இரண்டு பேரையாவது பகைத்துக்கொண்டால்தான் அவளுக்குச் சாப்பாடு இறங்கும்.

அவளிடம் ஒரு பழக்கம் இருந்தது. பூசணி கைக்குள் அடங்குகிற பிஞ்சாக இருக்கும்போதே ஆணியால் அதன் தோலில் பெயர் எழுதிவிடுவாள். கீறல் ஆறித் தழும்பாகும். காய் பெருக்கப் பெருக்க எழுத்தும் பெருக்கும். மகள் சின்னவளாக இருந்தபோது வருஷா வருஷம் ஒரு காயில் 'குட்டி' என்று எழுதி அவளுக்கென்று விட்டுவைப்பாள். அந்தக் காயை வேறு யாரும் அறுக்கக் கூடாது. இப்போது குட்டிக்குக் கல்யாணமாகி, டவுனில் மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்த்துக்கொண்டு, பத்து மாதக் குழந்தையை இடுப்பில் வைத்திருக்கிறாள். ஆகவே இந்த வருஷத்துக் காயில் 'பாப்பா' என்று எழுதியிருந்தாள். பாப்பாவுக்கு ஆறாம் மாதத்திலிருந்து பாட்டி தோட்டத்துப் பூசணியை வேகவைத்து மசித்துக் கொடுத்தால்தான் வாய் திறக்கும். வேறு எதைக் கொடுத்தாலும் அப்பனின் சட்டையில் துப்பும்.

இப்படி இருக்கும்போதுதான் காய்கறிப் பரிசோதனை அலுவலகத்திலிருந்து ஆட்கள் வந்து மார்க்கெட்டில் எல்லாக் கடையிலும் ஒவ்வொரு காயை எடுத்துக்கொண்டு போனார்கள். பம்பரம் கேட்டதற்கு மேலேயே கொடுத்து அனுப்பினாள். "நல்லாப் பாருங்க. பாத்துட்டு இந்த எதிர்க்கடைக்காரங்களுக்கும் கொஞ்சம் புத்தி சொல்லுங்க," என்றாள்.

திங்கட்கிழமை கடிதம் வந்தது. கத்தரிக்காய்க்காரரின் காய் தேறிவிட்டது. பம்பரத்தின் வெண்டையும் அவரையும்கூடத் தேறிவிட்டன. அவளுடைய பூசணி மட்டும் தேறவில்லை. அதில் விஷம் இருந்தது, இருக்கலாம் என்கிற அளவுக்கு ஒன்பது மடங்கு மேலே.

மார்க்கெட் சிரித்த சிரிப்பை இங்கே எழுத வேண்டாம். பதினெட்டு வருஷமாக வாயைக் கொடுத்து வைத்திருந்தாள் அல்லவா, எல்லாம் ஒரே காலையில் திரும்பி வந்தது. பம்பரம் கடையை அப்படியே போட்டுவிட்டு, கடிதத்தைக் கையில் கசக்கிப் பிடித்துக்கொண்டு அலுவலகத்துக்கு ஓடினாள். அங்கே மேஜைக்குப் பின்னால் ஓர் இளம்பெண் இருந்தாள். குட்டியின் வயதுதான் இருக்கும்.

"என் நிலத்துல நான் மருந்து அடிக்கிறதே இல்லை மேடம்! பாட்டில் மாறிப் போயிருக்கு, பேர் மாறிப் போயிருக்கு, ஏதோ ஒண்ணு மாறிப் போயிருக்கு!"

"உக்காருங்கம்மா."

"உக்கார எல்லாம் நேரமில்லை."

அந்தப் பெண் பொறுமையாகத்தான் சொன்னாள். "நீங்க அடிச்சீங்கன்னு நாங்க எழுதவே இல்லைம்மா. இது இப்ப யாருக்கும் கிடைக்காது. முப்பது வருஷம் முன்னாடியே தடை பண்ணின மருந்து. இது மண்ணுல கிடக்கும், லேசுல போகாது. கத்தரி, வெண்டையெல்லாம் அவ்வளவா எடுக்காது. பூசணி வேருக்கு மட்டும் இது பிடிச்சுப் போகும், உறிஞ்சிக் காயில கொண்டு வந்து வச்சிரும். எங்கேயோ ஓர் இடத்துல நிறைய இருக்கு. வெள்ளிக்கிழமை வந்து மண் எடுக்கிறேன். அதுவரைக்கும் பூசணியை விக்காதீங்க. வீட்டிலேயும் யாரும் சாப்பிட வேண்டாம்."

"மண்ணுல இருந்தா என்ன பண்ணுவீங்க?"

"எவ்வளவு இருக்குன்னு பாத்துத்தான் சொல்ல முடியும். நிலம் முழுக்கப் பரவியிருந்தா, சாப்பிடற பயிர் எதுவும் போடக் கூடாதுன்னு உத்தரவு வரும்."

பம்பரத்துக்கு அதற்கு மேல் எதுவும் காதில் விழவில்லை. வீட்டிலேயும் யாரும் சாப்பிட வேண்டாம் என்றதிலேயே அவள் மனது நின்றுவிட்டது. படியிறங்கியதும் மகளுக்குப் போன் போட்டாள்.

"குட்டி, போன வாரம் கொடுத்து விட்டேனே பூசணி, அதைத் தூக்கிக் குப்பையில போடு."

"ஏம்மா?"

"வண்டு விழுந்திருக்கு. உள்ளே எல்லாம் புழு."

"புழுவா? நல்லா இருந்துச்சே. பாப்பா நேத்தே வழிச்சு நக்கி முடிச்சுட்டா." மகள் சிரித்தாள். "அடுத்தது எப்ப அனுப்பறே? இவ வேற எதுக்கும் வாயைத் திறக்க மாட்டேங்கறா."

பம்பரம் அலுவலக வாசலுக்கும் சாலைக்கும் நடுவில் நாலு முறை போய் வந்தாள். சொல்லிவிடு என்று வாய் வரைக்கும் வந்தது. ஆனால் அந்தச் சிரிப்பைக் கேட்டபிறகு எப்படிச் சொல்வது? எங்கிருந்து வந்தது என்று முதலில் கண்டுபிடிப்போம், அப்புறம் சொல்லிக்கொள்ளலாம் என்று மென்று முழுங்கிவிட்டாள். இது அவள் செய்த முதல் தப்பு என்று நினைத்தால், இல்லை. முதல் தப்பு இருபத்தொன்பது வருஷத்துக்கு முந்தியது.

அன்று மத்தியானம் வீட்டில் அவர் நாற்காலியில் உட்கார்ந்து ரேடியோ கேட்டுக்கொண்டிருந்தார். அவள் ரேடியோவை அணைத்தாள்.

"ஏங்க, அந்தக் காலத்துல டேங்கை எங்கே கழுவுவீங்க?"

"வாய்க்கால்ல."

"மருந்து கலக்கறது?"

"அதுவும் வாய்க்காலோரம்தான். ஏன், இப்ப எனக்கு வேலை ஏதாவது வந்திருக்கா? கை இருக்கிற இருப்புக்குத் தெளிச்சா நல்லாச் சிதறும்."

"விளையாடாதீங்க. நம்ம நிலத்துல மருந்து எங்கே கொட்டினீங்க?"

அவர் சட்டைப் பொத்தானைத் தடவிக்கொண்டே இருந்தார். பிறகு மெதுவாக, "நீதானே புதைக்கச் சொன்னே," என்றார்.

அவளுக்கு அந்த நாள் அப்படியே முன்னால் வந்து நின்றது. ஒலிபெருக்கி கட்டிய வண்டி ஒன்று ஊர் ஊராகப் போய், இந்த மருந்து இனிமேல் கூடாது, வைத்திருப்பவர்கள் அலுவலகத்தில் ஒப்படைக்க வேண்டும் என்று கத்திவிட்டுப் போனது. ஒப்படைக்கப் போனால் எத்தனை வைத்திருந்தாய், எங்கே அடித்தாய் என்று கேட்டு உள்ளே உட்கார வைத்துவிடுவார்கள் என்று ஒரு பேச்சு. ஒருத்தரும் போகவில்லை. எல்லோரும் மிச்ச டின்களைத் தெளிப்புக்காரரின் தலையில் கட்டிவிட்டார்கள். மோட்டார் அறையில் பதினொரு டின் சேர்ந்துவிட்டது.

ஒரு நாள் பாத்திரம் கழுவிவிட்டு வந்து பார்த்தால் குட்டியைக் காணோம். அப்போது அவளுக்கும் பத்து மாதம், தவழ்கிற வயது. மோட்டார் அறைக்குள் போய் ஒரு டின்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அதன் மூடியைத் தட்டித் தாளம் போட்டுக்கொண்டிருந்தாள். பம்பரம் போட்ட சத்தத்தில் குழந்தை மூச்சை அடக்கிக்கொண்டு அழுதது. சாயங்காலம் புருஷன் வந்ததும், "இதெல்லாம் இன்னைக்கே என் பிள்ளை கண்ணுல படாத இடத்துக்குப் போயாகணும். வீட்டுக்கும் கிணத்துக்கும் தூரமா, ஆழமாத் தோண்டிப் புதைச்சுட்டு வாங்க. இல்லேன்னா நான் எங்க அம்மா வீட்டுக்குப் போறேன்," என்று நின்றாள்.

வீட்டுக்கும் கிணற்றுக்கும் தூரம் என்றால் அந்த நிலத்தில் ஒரே இடம்தான்.

"மேற்கு மூலையா?" என்றாள்.

அவர் தலையாட்டினார்.

புதைத்ததற்கு அடுத்த வருஷம் மழையில் மேற்கு மூலையில் மண் உள்வாங்கிப் பள்ளமாகிப் போயிருந்தது. தோண்டுகிற வேலை மிச்சம் என்று சந்தோஷப்பட்டு அதில் எருவைக் கொட்டிப் பூசணி விதையை ஊன்றியது பம்பரம். ஏன் அங்கே மட்டும் மண் அப்படிப் பொலபொலவென்று இருக்கிறது என்று அவள் கேட்டுக்கொள்ளவே இல்லை.

"நான் அங்கே குழி போட்டப்ப உங்களுக்குத் தெரியும்."

"பாத்தேன். டின்னு நல்லா ஆழத்துல இருக்கு, மூடி இறுக்கமா இருக்கு, என்ன ஆயிடப் போகுதுன்னு விட்டுட்டேன். அப்புறம் மறந்தே போச்சு."

"இருபத்தெட்டு வருஷமா!"

அவள் கையை ஓங்கிவிட்டாள். அவர் முகத்தை மறைக்கத் தூக்கிய கைகள் நடுங்குவதைப் பார்த்துவிட்டு, ஓங்கிய கையால் சுவரை அறைந்தாள். மூன்று நாள் வலித்தது.

அந்த மூன்று நாளும் அவள் நடந்த நடை இருக்கிறதே, டவுனுக்கு நடந்திருந்தால் நாலு தடவை போய் வந்திருக்கலாம். வீட்டிலிருந்து மேற்கு மூலைக்கு, அங்கிருந்து கிணற்றுக்கு, கிணற்றிலிருந்து எதற்கு வந்தோம் என்று தெரியாமல் திரும்ப வீட்டுக்கு. புதன்கிழமை கடப்பாரையை எடுத்துக்கொண்டு போய்க் குழியில் குத்திப் பார்த்தாள். இரண்டரை அடியில் தகரம் நெறிபட்டது. கடப்பாரையின் நுனியை வெளியே எடுத்ததும் வாசனை வந்தது. அவளுக்கு அது புதிதில்லை. கல்யாணமான நாளிலிருந்து அவர் சட்டையில் துவைத்துத் துவைத்தும் போகாத வாசனை. அப்போதெல்லாம் அவர் வீட்டுக்கு வந்துவிட்டார் என்று அதை வைத்துத்தான் தெரிந்துகொள்வாள். இப்போது குமட்டியது. கையைச் சோப்புப் போட்டுக் கழுவிக் கழுவி விரல் நுனிகள் சுருங்கிப் போயின.

வியாழக்கிழமை காலையில் டிராக்டர்காரர் வேலிக்கு அந்தப் பக்கமிருந்து கூப்பிட்டார்.

"அக்கா, நானும் கேள்விப்பட்டேன். இப்படியே விட்டீங்கன்னா நிலம் கையை விட்டுப் போயிடும். நான் சொல்றதைக் கேளுங்க. இந்த மூலைக் கொடியை எல்லாம் பிடுங்கிட்டு மண்ணை நிரவி விட்டுருங்க. இந்த மூலை என் நிலம்னு சொல்லிடுங்க. நானும் ஆமான்னு சொல்றேன். என் நிலத்தைப் போன மாசமே பாத்துட்டாங்க, திரும்ப வர மாட்டாங்க. பூசணி எங்கேன்னு கேட்டா, கிணத்தோரக் கொடியைக் காட்டுங்க. அங்கே மண்ணு சுத்தம்தானே?"

பம்பரம் அவரைத் திட்டவில்லை என்பதை இங்கே சொல்லத்தான் வேண்டும். வேறு நாளாக இருந்தால் வேலி தீப்பிடித்திருக்கும். அன்று, "நிஜமாவே ஆமான்னு சொல்வீங்களா?" என்று மட்டும் கேட்டாள்.

நிலம் போனால் வேறு என்ன இருக்கிறது அவளுக்கு? உட்கார்ந்து பழக்கமில்லாதவள். நடுங்குகிற புருஷனை வைத்துக்கொண்டு எங்கே போய் நிற்பாள்? இந்த மூலையை இப்படியே மூடிவிட்டால் போதும், இனி ஒரு விதைகூட இங்கே ஊன்றப்போவதில்லை, யாருக்கு என்ன நஷ்டம் என்று மனதுக்குள் வாதாடிக்கொண்டே, மத்தியானத்துக்குள் கொடிகளையெல்லாம் பிடுங்கி அப்புறப்படுத்தி மண்ணையும் நிரவிவிட்டாள். காய்களைச் சாக்கில் கட்டி மோட்டார் அறையில் போட்டுப் பூட்டினாள்.

ஒரே ஒரு கொடியை மட்டும் அவளால் பிடுங்க முடியவில்லை. 'பாப்பா' என்று எழுதின காய் அதில் இருந்தது. ஒரு பானை அளவுக்குப் பெருத்து, எழுத்து ஒவ்வொன்றும் விரல் நீளத்துக்கு வளர்ந்திருந்தது. இரண்டு முறை கொடியில் கை வைத்தாள், இரண்டு முறையும் எடுத்துவிட்டாள். கடைசியில் அதன்மேல் காய்ந்த புல்லை அள்ளிப் போட்டு மூடிவிட்டுப் போனாள்.

வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு அந்த அலுவலகப் பெண் வந்தாள். கையில் மண் குடைகிற இரும்புக்குழாய், ஒரு பிளாஸ்டிக் வாளி, பெயர் ஒட்டிய பைகள். பம்பரம் முன்னால் நடந்து கிணற்றோரக் கொடிகளைக் காட்டினாள். அந்தப் பெண் குனிந்து குனிந்து குழாயைத் திருகி மண்ணெடுத்தாள்.

"உங்க எல்லை எது வரைக்கும்மா?"

"அந்த மிளகாய்ப் பாத்தி வரைக்கும்தான் மேடம். அதுக்கு அந்தப் பக்கம் டிராக்டர்காரரோடது."

சொல்லிவிட்டாள். நாக்கு குழறவில்லை. எத்தனை லேசாக வந்துவிட்டது என்று அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது. வேலியோரம் நின்ற டிராக்டர்காரர், "ஆமாங்க, ஆமாங்க," என்று கேட்காமலேயே இரண்டு முறை சொன்னார்.

அப்போதுதான் வீட்டுப் பக்கமிருந்து மகளின் குரல் கேட்டது. அன்று கடைக்கு விடுமுறையாம். போனில் அம்மாவின் குரலே சரியில்லை என்று காலை பஸ்ஸைப் பிடித்து வந்துவிட்டாளாம். பம்பரம் தூரத்திலிருந்தே, "வீட்டுக்குள்ள இரு, வெயிலு, வந்துடறேன்!" என்று கத்தினாள்.

குட்டி என்றைக்கு அம்மா சொன்னதைக் கேட்டாள்? "பாப்பாவுக்கு அவ காயைக் காட்டிட்டு வந்துடறேம்மா," என்று குழந்தையைத் தூக்கிக்கொண்டு வரப்போடு நேரே மேற்கே நடந்தாள். சின்ன வயதிலிருந்து அவளுக்குத் தெரியாத மூலையா அது? மிளகாய்ப் பாத்தியைத் தாண்டினாள். கொடியெல்லாம் எங்கே போயின என்று நின்று பார்த்தாள். புல் குவியலைக் காலால் விலக்கினாள். காய் தெரிந்ததும் சிரித்துக்கொண்டே குழந்தையை அதன் பக்கத்தில் மண்ணில் இறக்கிவிட்டாள். பாப்பா இரண்டு கையாலும் காயைத் தட்டியது. பிறகு குனிந்து, நேற்று நிரவிய அந்தப் பொலபொலத்த மண்ணில் ஒரு பிடி அள்ளியது.

"தொடாதே!"

அந்தச் சத்தத்தை இருபத்தொன்பது வருஷத்துக்கு முன்னால் ஒரு தடவை போட்டிருக்கிறாள். பம்பரம் மிளகாய்ச் செடிகளை மிதித்துக்கொண்டு ஓடினாள். குழந்தையின் கை வாயருகே போகும்போது பிடித்துவிட்டாள். விரல்களைப் பிரித்து உதறி, தன் சேலையில் துடைத்து, மறுபடி துடைத்து, வாய்க்குள் விரலை விட்டுப் பார்த்தாள். பாப்பா மூச்சை அடக்கிக்கொண்டு அழுதது.

"என்னம்மா ஆச்சு உனக்கு? மண்ணுதானே!"

"மண்ணு இல்லை. விஷம். கீழே பதினொரு டின் இருக்கு. நான்தான் புதைக்கச் சொன்னேன். அதுக்கு மேலேதான் பூசணி போட்டேன். வண்டெல்லாம் விழலை, குட்டி. நான் பொய் சொன்னேன்."

இரும்புக்குழாயோடு பின்னாலேயே ஓடிவந்திருந்த அலுவலகப் பெண் எல்லாவற்றையும் கேட்டாள். பம்பரம் அவளிடம் திரும்பி, "இதுவும் என் நிலம்தான் மேடம். இங்கேதான் எடுக்கணும்," என்றாள். டிராக்டர்காரருக்குத் திடீரென்று டிராக்டர் ஞாபகம் வந்துவிட்டது.

குட்டி குழந்தையைக் கிணற்றடியில் தலையோடு கழுவி, ஈரத்தோடு தூக்கிக்கொண்டு அடுத்த பஸ்ஸில் போய்விட்டாள்.

பத்து நாள் கழித்து வெள்ளை அங்கி போட்ட ஆட்கள் வந்து தோண்டினார்கள். பதினொன்றில் நாலு டின்தான் டின்னாக வந்தன. மற்றவை துருவும் சேறுமாக வந்தன. சுற்றியிருந்த மண்ணையும் பீப்பாய்களில் அள்ளிக்கொண்டு போனார்கள். பூட்டி வைத்திருந்த சாக்குக் காய்களையும் பாப்பா காயையும் அவளே தூக்கி வண்டியில் ஏற்றினாள். வண்டிக்காரர் அந்த ஒன்றைப் புரட்டிப் பார்த்து, "யாருங்க பாப்பா?" என்றார். "எங்க பேத்தி," என்று சொல்லிவிட்டு வேலை இருப்பதுபோல் நடந்துவிட்டாள்.

நிலம் முழுவதும் போகவில்லை. மேற்கில் மூன்றில் ஒரு பங்கில் சாப்பிடுகிற எதையும் போடக் கூடாது, மற்ற இடத்தில் வருஷா வருஷம் மண்ணைக் காட்ட வேண்டும் என்று உத்தரவு வந்தது. மார்க்கெட் பலகையைப் பம்பரமே ஏறிக் கழற்றினாள். கழற்றும்போது கத்தரிக்காய்க்காரர் வந்து ஏணியைப் பிடித்துக்கொண்டார். கிண்டல் செய்யத்தான் வந்திருக்கிறார் என்று அவள் பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தாள். அவர் அக்கம்பக்கம் பார்த்துவிட்டு, "எங்க நிலத்துலயும் ரெண்டு டின்னு இருக்கு அக்கா. அப்பா புதைச்சார். எங்கேன்னுதான் யாருக்கும் தெரியலை," என்றார்.

பாப்பாவின் ரத்தத்தைப் பரிசோதித்தார்கள். கொஞ்சம் இருக்கிறது, இப்போதைக்குப் பயமில்லை, பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும் என்று டாக்டர் சொன்னாராம். இது குட்டி அப்பாவுக்குப் போன் செய்து சொன்னதுதான். நாலு மாதமாக அவள் அப்பாவுக்கு மட்டுமே போன் செய்தாள். போன் மணி அடித்தால் பம்பரம் எங்கிருந்தாலும் ஓடி வந்து, நாற்காலியைச் சுற்றிச் சுற்றி நடப்பாள். "அம்மா இங்கேதான் நிக்கறா, பேசறியா?" என்று அவர் கேட்பார். அப்புறம் போனை வைத்துவிட்டு, "பஸ் வந்துடுச்சாம்," என்பார். எப்போதும் பஸ் வந்துவிடும்.

அலுவலகப் பெண் ஒரு நாள் வந்து ஒரு யோசனை சொன்னாள். டின்னை எடுத்தாலும் மண்ணில் மிச்சம் இருக்கிறது. பூசணியையே திரும்ப அங்கே போட்டு அதை உறிஞ்ச விடலாம். காயையும் கொடியையும் மொத்தமாக அவர்களிடம் ஒப்படைத்துவிட வேண்டும். இப்படிப் பல வருஷம் செய்தால் குறையும். எத்தனை வருஷம் என்று அவளுக்கும் தெரியவில்லை. பம்பரம் மறுநாளே விதை ஊன்றினாள்.

கொடி வழக்கம்போல் பாய்ந்தது. அதற்கென்ன தெரியும்? பிஞ்சு பிடித்ததும் பம்பரத்துக்கு இன்னொரு கவலை வந்தது. யாராவது வேலிக்கு மேல் கையை விட்டுப் பறித்துக்கொண்டு போய்விட்டால்? ஆணியை எடுத்துக்கொண்டு போனாள். ஒவ்வொரு பிஞ்சாகப் பிடித்து 'தொடாதே' என்று எழுதினாள்.

ஏழாவது பிஞ்சில் இருக்கும்போது நிழல் விழுந்தது. குட்டி வரப்பில் நின்றுகொண்டிருந்தாள். தூரத்தில் டேங்க் கிணற்றடியில் பாப்பாவின் விரலைப் பிடித்துக்கொண்டு நடத்திக்கொண்டிருந்தார். அல்லது பாப்பா அவரை நடத்திக்கொண்டிருந்தாள்.

பம்பரம் எழுந்தாள். "டீ போடறேன். சாப்பிட்டியா? பாப்பாவுக்கு என்ன கொடுத்தே? கடையில வாங்கின பால்தான் இருக்கு, நம்ம நிலத்துல விளைஞ்சது எதுவும் இல்லை, பயப்படாதே," என்று நடக்க ஆரம்பித்துவிட்டாள்.

"அம்மா, நில்லு."

நின்றாள்.

"உன் மேல கோவம்னு நினைச்சுக்கிட்டு இருக்கியா?"

"இல்லாம இருக்குமா? என் வாயால சொல்லாம மறைச்சேனே."

"முதல்ல இருந்துச்சு. அப்புறம் டாக்டர் என் ரத்தத்தையும் எடுக்கச் சொன்னார்." குட்டி கீழே பார்த்துக்கொண்டே பேசினாள். "பாப்பாவுக்கு இருக்கிறதைவிட எனக்கு ஆறு மடங்கு இருக்கும்மா. சின்ன வயசுலேருந்து சேர்ந்ததாம். பாப்பாவுக்குப் போனதுகூடப் பூசணியில இருந்து மட்டும் இல்லையாம். என் பால்லயும் போயிருக்காம். உடனே ஒண்ணும் ஆகாதுன்னுதான் சொல்றார். இதை உன்கிட்ட எப்படிச் சொல்றது? அதான் வராமலே இருந்துட்டேன்."

பம்பரம் இத்தனை மாதமாகப் பாப்பா சாப்பிட்ட பூசணியையே நினைத்துக்கொண்டிருந்தாள். நாலு மாதம் சாப்பிட்டாளே, நாலு மாதம் சாப்பிட்டாளே என்று அதையே திருப்பித் திருப்பி. இன்னொரு கணக்கு இருக்கிறது என்று அவளுக்குத் தோன்றவே இல்லை. வருஷா வருஷம் பெரிய காயாகப் பார்த்து, யாரையும் தொடவிடாமல் காவல் இருந்து, தன் கையாலேயே அறுத்து ஊட்டியது.

"குட்டின்னு எழுதி எழுதித்தானே உனக்குக் கொடுத்தேன்," என்றாள். கொடிகளுக்கு நடுவில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். அழுகை வந்தபோது முகத்தைத் துடைக்கக் கையைத் தூக்கி, கையில் அந்த மண் இருப்பதைப் பார்த்து, பாதியில் நிறுத்திக்கொண்டாள்.

குட்டி குழிக்குள் இறங்கி வந்து தன் கைக்குட்டையால் அம்மாவின் முகத்தைத் துடைத்துவிட்டாள். பிறகு அவள் அம்மாவின் விரல்களைப் பிரித்து ஆணியை எடுத்துக்கொண்டாள். பக்கத்திலிருந்த பிஞ்சைத் திருப்பிப் பிடித்து எழுதினாள். பள்ளிக்கூடத்தில் எழுதியது மாதிரியே எழுத்து இன்னமும் கோணலாகத்தான் வந்தது.

"இன்னும் எத்தனை இருக்கும்மா?"

"முப்பதுக்கு மேல இருக்கும்."

"இன்னொரு ஆணி எடுத்துக்கிட்டு வா. நீ வேலிப் பக்கத்துலேருந்து ஆரம்பி."